சொட்டும் குழாயும் விழித்திருப்போரும்

நித்திரையின்மையைப் படமாக்குவது கடினமான காரியம். பசியைக் காட்டலாம், அழுகையைக் காட்டலாம், சண்டையைக் காட்டலாம். ஆனால் ஒரு மனிதன் பாயில் மல்லாந்து கிடந்து முகட்டைப் பார்த்துக்கொண்டிருப்பதில் கமராவுக்கு என்ன வேலை இருக்கிறது? அவனுக்குள் நடப்பது எதுவும் வெளியே தெரிவதில்லை. பக்கத்தில் படுத்திருப்பவருக்கே தெரியாத ஒன்றைத் திரையில் எப்படிக் காட்டுவது?

ஆயினும் இந்த விடயத்தை மிகச் சரியாகச் சொன்ன ஒரு படம் எனக்குத் தெரியும். அது விழாக்களில் பேசப்பட்ட கலைப்படமில்லை. வோல்ட் டிஸ்னி நிறுவனம் 1948ஆம் ஆண்டு வெளியிட்ட, சுமார் ஏழு நிமிடம் ஓடும் ஒரு கார்ட்டூன். பெயர் ‘ட்ரிப் டிப்பி டொனால்ட்’. இயக்கியவர் ஜேக் கிங். நம் பிள்ளைகளுக்கெல்லாம் தெரிந்த அந்தக் கோபக்கார வாத்து டொனால்ட் டக்தான் கதாநாயகன். கதை இவ்வளவுதான்: களைத்துப்போன வாத்து நித்திரை கொள்ளப் பார்க்கிறது; தண்ணீர்க் குழாய் சொட்டுகிறது.

முதலில் அது ஒரு சாதாரணச் சொட்டு. காதில் விழுந்தும் விழாததுமாக இருக்கிறது. ஒரு தடவை கேட்டுவிட்ட பின் கேட்காமலிருக்க வாத்தினால் முடியவில்லை. பிறகு ஒவ்வொரு சொட்டும் முந்தியதைவிடப் பெரிதாக விழுகிறது. வீடே அதிர்கிறது. உண்மையில் குழாயில் எந்த மாற்றமும் இல்லை. அதே தண்ணீர், அதே இடைவெளி. மாறியது கேட்கிற காதுதான். இரவில் விழித்துக் கிடந்து பழக்கமுள்ளவர்களுக்கு இதைவிட விளக்கம் தேவையில்லை.

இந்த வாத்தின் படங்களை முதன்முதலில் பார்த்த காலத்தில் எங்கள் ஊரில் மின்சாரம் கிடையாது. யுத்தகாலத்துத் தொண்ணூறுகள். பெற்றரியில் ஓடும் கறுப்பு வெள்ளைத் தொலைக்காட்சி ஒன்று கடைத்தெரு வீடொன்றில் இருந்தது. முற்றத்தில் குந்தியிருந்து பார்த்துச் சிரித்துச் சிரித்து வயிறு நொந்துபோவோம். இப்போது நாற்பதைத் தாண்டிய வயதில், கைத்தொலைபேசியில் இந்தப் படத்தைத் திரும்பப் பார்த்தபோது ஓரிடத்தில் சிரிப்பு நின்றுவிட்டது. ஒரு சொட்டு விழுந்து, அடுத்த சொட்டு இன்னும் விழாத இடம் அது. சத்தமே இல்லை. வாத்து காத்திருக்கிறது. நித்திரையைக் கெடுப்பது சத்தமென்று நாம் நினைக்கிறோம். கெடுப்பது பெரும்பாலும் அந்தக் காத்திருப்புத்தான்.

இந்த இயக்குநர் 1941இலும் ‘ஏர்லி டு பெட்’ என்றொரு படம் செய்திருக்கிறார். அதே வாத்துதான். அதில் நித்திரையைக் கெடுப்பது அலாரம் மணிக்கூட்டின் டிக் டிக். அதற்கும் முன்னால் போனால் சார்ளி சப்ளின் 1916ஆம் ஆண்டு செய்த ‘வன் ஏ.எம்.’ என்ற குறும்படம் இருக்கிறது. பின்னிரவு ஒரு மணிக்குக் குடிபோதையில் வீடு திரும்பும் ஒரு கனவான் கட்டிலைச் சென்றடைய முயல்வதுதான் படம் முழுவதும். தொடக்கத்தில் வரும் வாடகைக் கார் சாரதியை விட்டால் வேறு மனிதர் இல்லை. சப்ளின் தனியாகவே நடித்திருக்கிறார். படியேறி மேலே போனால் அங்கே ஒரு பெரிய மணிக்கூடு. அதன் ஊசற்குண்டு அறை வாசலுக்குக் குறுக்கே இங்குமங்கும் ஆடுகிறது. அவர் போகப் பார்க்கும்போதெல்லாம் அடித்து விழுத்துகிறது. நேரமே ஆளை அடிப்பதை நான் வேறெந்தப் படத்திலும் பார்த்ததில்லை. கடைசியில் அறைக்குள் நுழைந்தால் கட்டில் சுவருக்குள் மடிந்து கிடக்கும் வகை. இழுத்தால் வராது, விட்டால் வந்து விழும், ஏறினால் மறுபடி மடியும். மல்லுக்கட்டிக் களைத்தவர் குளியலறைத் தொட்டிக்குள் சுருண்டு நித்திரை கொள்கிறார்.

கட்டில் ஆளைத் தள்ளிவிடுவது வெறும் பகிடியில்லை. நித்திரை கொள்ள முயலும் முயற்சியே நித்திரைக்கு எதிரி என்பது உளவியலாளர் அறிந்த விடயம். ஒஸ்திரிய மனநல மருத்துவர் விக்டர் பிராங்க்ல் நித்திரையில்லாமல் தவித்தவர்களிடம் நித்திரை கொள்ளாமலிருக்க முயன்று பாருங்கள் என்றே சொல்லிப் பார்த்தார். முயற்சியைக் கைவிட்ட இடத்தில் நித்திரை வந்துவிடுகிறது. சப்ளினின் குளியல் தொட்டியும் அத்தகைய இடந்தான்.

நீளப் படங்களும் இல்லாமலில்லை. ‘இன்சொம்னியா’ என்ற பெயரில் 1997இல் நோர்வேயில் ஒரு படம் வந்தது. அதையே 2002இல் கிறிஸ்டோபர் நோலன் அலாஸ்காவுக்கு மாற்றி எடுத்தார். கோடையில் சூரியன் மறையாத வடபுலத்தில், மனதில் குற்றச்சுமையோடு ஒரு துப்பறியும் அதிகாரி நித்திரையின்றி அலைவதுதான் இரண்டிலும் கதை. நல்ல படங்கள். என்றாலும் அங்கே நித்திரையின்மை ஒரு கொலைக் கதைக்குள் வருகிறது. நமது இரவுகளில் அப்படியான கதை ஏதும் நடப்பதில்லை. சொட்டுத்தான் விழுகிறது. இன்னொரு பக்கம் அமெரிக்க ஓவியர் அண்டி வார்ஹோல் 1963இல் தன் நண்பரான கவிஞர் ஒருவர் நித்திரை கொள்வதை மட்டும் படம்பிடித்து ஐந்து மணித்தியாலத்துக்கும் மேலாக ஓடவிட்டார். நித்திரையைக் காட்ட ஐந்து மணித்தியாலம் பிடித்திருக்கிறது. நித்திரையின்மைக்கு ஒரு வாத்துக்கு ஏழு நிமிடம் போதுமாயிருந்தது.

இந்தச் சிந்தனையோடு ஒருநாள், ஆசிரியர் வராத பாடவேளையொன்றில், தரம் ஒன்பது பிள்ளைகளுக்கு அந்த வாத்துப் படத்தைப் போட்டுக் காட்டினேன். எதிர்பார்த்தபடியே வகுப்பு சிரித்து உருண்டது. பிறகு ‘நான் நித்திரை கொள்ளாத ஓர் இரவு’ என்று ஒரு பக்கம் எழுதச் சொன்னேன். சிரிப்பு மெல்ல அடங்கியது.

வயலோரத்துப் பையன் ஒருவன் யானை வந்த இரவை எழுதியிருந்தான். வெடி போடும் சத்தம் கேட்கும்வரை பயமில்லையாம், வெடி நின்ற பிறகுதான் யானை எங்கே நிற்கிறது என்று காது தேடுமாம். கட்டாரில் வேலை செய்யும் வாப்பாவின் அழைப்புக்காக விழித்திருப்பதை ஒரு பிள்ளை எழுதியிருந்தாள். அங்கே வேலை முடிந்து குளித்துச் சாப்பிட்டுப் பத்து மணியாகும்போது இங்கே பன்னிரண்டரை. புலமைப்பரிசில் பரீட்சைக்கு முந்திய இரவை மூன்று நான்கு பேர் எழுதியிருந்தனர். ஒரு பிள்ளை மட்டும் தலைப்புக்கு மாறாக இரண்டே வரி எழுதிவிட்டு நிறுத்தியிருந்தாள். தனக்கு அப்படி ஓர் இரவு இல்லையென்றும், தன் உம்மா விழித்திருப்பதால் தான் நித்திரை கொண்டுவிடுவதாகவும் எழுதியிருந்தாள்.

திருத்துவதற்கு எடுத்த சிவப்புப் பேனை அந்த இரண்டு வரிக்கு முன்னால் நின்றுவிட்டது. நானும் அப்படித்தானே வளர்ந்தேன்.

1990ஆம் ஆண்டு ஓகஸ்ட் 3ஆம் திகதி இரவு, காத்தான்குடியில் இஷாத் தொழுகையில் நின்றவர்கள் இரண்டு பள்ளிவாசல்களில் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். நூற்றுக்கும் அதிகமான உயிர்கள். பத்து நாட்கள் கூடக் கழியவில்லை, ஏறாவூரில் வீடுகளில் நித்திரையிலிருந்தவர்களுக்கும் அதே கதி நேர்ந்தது. எங்கள் கிராமம் அவற்றிலிருந்து தள்ளியிருந்தாலும் அந்த இரவுகள் எங்களுக்கும் வந்து சேர்ந்தன. எனக்கு அப்போது பத்து வயது. ஆண்கள் பொல்லும் ரோர்ச்சுமாக ஊர் எல்லைக்குக் காவலுக்குப் போவார்கள். ஓலை வீட்டுக்காரரான நாங்கள் எல்லோரும் இருட்டுமுன் பாயையும் தலையணையையும் சுருட்டிக்கொண்டு அயலிலிருந்த ஒரு கல்வீட்டுக்குப் போய்ச் சேர்வோம். விளக்கை அணைத்துவிடுவார்கள். பிள்ளைகளை நடுவில் போட்டுப் பெண்கள் சுற்றிவரப் படுப்பார்கள். உம்மாவின் இடம் கதவோரம்.

நாய் குரைத்தால் எனக்குப் பயம் வரும். உம்மா என் நெஞ்சில் கையை வைத்து, “நாய் கொரச்சாப் பயமில்ல மனே. கொரைக்காம நிண்டாத்தான் பயம். நீ ஒறங்கு, நான் முழிச்சித்தானே இரிக்கன்” என்பார். நானும் நித்திரை கொண்டுவிடுவேன். காலையில் வாப்பா காவலிலிருந்து வந்து முகம் கழுவும் சத்தத்தில்தான் கண் விழிப்பேன்.

சில மாதங்களில் நாங்கள் வீடு திரும்பினோம். பாயும் தலையணையும் திரும்பின. உம்மாவின் காது மட்டும் அந்தக் கல்வீட்டுக் கதவோரத்திலேயே நின்றுவிட்டது. ஓலை வீடு ஓட்டு வீடானது. மின்சாரம் வந்தது. 2009 மே மாதம் யுத்தம் முடிந்தது. வாப்பா மௌத்தானார். உம்மா இரவு இரண்டு மணிக்கு விழித்திருப்பது மட்டும் மாறவேயில்லை.

அதை ஒரு நோயாக எவரும் எண்ணியதில்லை. இரண்டு மணிக்கு எழும்பி வுழூச் செய்து தஹஜ்ஜுத் தொழுவார். தஸ்பீஹோடு சுபஹு பாங்கு வரை இருப்பார். குடும்பத்துக்கு அது பெருமை. அயலவர்கள் தம் பிள்ளைகளுக்கு உதாரணம் சொல்லுமளவுக்கு வந்துவிட்டது. ஒருநாள் நானும் அப்படி ஏதோ புகழ்ந்து சொல்ல, உம்மா என்னைப் பார்த்துச் சிரித்தார்.

“தொழுறத்துக்கெண்டு எழும்பல்ல மனே. முழிச்சித்தான் கெடக்கன். சும்மா கெடக்கிறத்துக்கு ரெண்டு ரக்அத்துத் தொழுதாலும் நல்லந்தானே.”

வணக்கத்தின் நன்மை அவருக்குரியது. அதில் எனக்குச் சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அதற்குப் பின்னால் இருந்த களைப்பைக் குடும்பமே பார்க்காமல் விட்டிருந்தது. பகலில் சோறு வடிக்கும்போது தலை சுற்றும். பேச்சின் நடுவில் சொல் மறக்கும். காரணமில்லாமல் கோபம் வரும். வயது போகிறது என்று சொல்லிக்கொண்டோம்.

பட்டணத்தில் ஒரு வைத்தியரிடம் காட்டினோம். நித்திரைக் குளிசை கொடுத்தார். நித்திரை வந்தது. ஆனால் காலையில் எழும்பி நடக்கையில் தள்ளாடினார், ஒருதரம் கிணற்றடியில் விழப்பார்த்தார். வயதானவர்களுக்கு இத்தகைய குளிசைகளால் விழுகிற ஆபத்து அதிகம் என்று பிறகு அறிந்தோம். குளிசையை உம்மா வெறுத்ததற்குக் காரணம் அதுவன்று.

“குளிசையப் போட்டா ஒறக்கம் வருது. ஆனாக் காது கேக்குதில்ல. பொறகு ஆரு பாக்கிற?”

ஆரு பாக்கிற என்ற அந்தக் கேள்வியைத்தான் அவர் எங்களிடம் எத்தனையோ வருடங்களாகக் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறார்.

அதன் பிறகு கிடைத்ததையெல்லாம் வாசித்தேன். 2016ஆம் ஆண்டு அமெரிக்காவின் பிரவுண் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் ஒரு விடயத்தை வெளியிட்டார்கள். பழக்கமில்லாத இடத்தில் முதலிரவு படுக்கும்போது மனித மூளையின் ஒரு பாதி மறுபாதியைவிடக் குறைந்த ஆழத்திலேயே நித்திரை கொள்கிறதாம். மெல்லிய சத்தத்துக்கும் அந்தப் பாதி துணுக்குறுகிறது. டொல்பின்கள் ஒரு பாதி மூளையால் நித்திரை கொண்டு மறுபாதியால் விழித்திருப்பவை என்பது முன்னரே தெரிந்தது. மனிதனுக்குள்ளும் அப்படி ஒரு காவற்காரன் இருக்கிறான் போலும். சாதாரணமாக இடம் பழகியதும் அவன் போய்விடுவான். உம்மாவின் காவற்காரன் போகவில்லை.

கிழமைக்கு மூன்று இரவாவது, மூன்று மாதமாவது தொடர்ந்தால் அதை நாட்பட்ட நித்திரையின்மை என்று வைத்தியர்கள் கொள்கிறார்கள். தொடங்கிய காரணம் ஒன்றாக இருக்கும். தொடரும் காரணம் வேறாக இருக்கும். விழித்துக் கிடந்து கிடந்து படுக்கையே விழிப்பின் இடமாகிவிடுகிறது. அமெரிக்க உளவியலாளர் ரிச்சர்ட் பூட்சின் 1972இல் இதற்கு ஒரு எளிய வழி சொன்னார். நித்திரை வந்தால் மட்டும் படுக்கைக்குப் போ. வராவிட்டால் எழும்பி வேறிடத்துக்குப் போ. எப்படி விடிந்தாலும் ஒரே நேரத்துக்கு எழும்பு. இதுபோன்ற பழக்க வழிகளையும் எண்ணத்தைச் சீர்செய்யும் வழிகளையும் சேர்த்த சிகிச்சையையே, குளிசைக்கு முன் முதலாவதாகக் கையாளவேண்டும் என்று 2016இல் அமெரிக்க வைத்தியர் கல்லூரி பரிந்துரைத்தது. எழும்பிப் போய்த் தொழும் உம்மா அதில் ஒரு பாதியைத் தானாகவே செய்துகொண்டிருந்திருக்கிறார் என்பது எனக்கு ஆறுதலாயிருந்தது.

வைத்தியரிடம் கேட்டுக் குளிசையைப் படிப்படியாகக் குறைத்தோம். இஷாவுக்குப் பிறகு குடிக்கும் பிளேன்ரீயை நிறுத்தினோம். பகல் முழுக்க மூளையில் அடினோசின் என்ற பொருள் சேர்ந்துதான் நித்திரைக் களையை உண்டாக்குகிறது. தேயிலையிலுள்ள கஃபீன் அதன் வழியை அடைத்துவிடுகிறது. குடித்து ஐந்து மணித்தியாலம் கழிந்தாலும் ஏறத்தாழ பாதி உடலில் மிஞ்சியிருக்கும். மணி அடிக்கும் சுவர்க் கடிகாரத்தையும் அவரது அறைப்பக்கத்திலிருந்து கழற்றினோம். இவற்றால் கொஞ்சம் பலன் இருந்தது. கொஞ்சந்தான்.

பெரிய பலன் எதிர்பாராத இடத்திலிருந்து வந்தது. என் மூத்த மகன் உயர்தரப் பரீட்சைக்குப் படித்த மாதங்களில் முன் மண்டபத்தில் லைட்டைப் போட்டுக்கொண்டு நள்ளிரவு தாண்டியும் இருப்பான். அந்த மாதங்களில் உம்மா நித்திரை கொண்டார். முதலில் நாங்கள் கவனிக்கவில்லை. என் மனைவிதான், “மாமி சுபஹுக்குத்தான் எழும்புறா, கண்டீங்களா?” என்று கேட்டாள். பரீட்சை முடிந்தது, மகன் நேரத்தோடு படுக்கத் தொடங்கினான். உம்மாவின் இரண்டு மணி திரும்பி வந்தது.

அப்போதுதான் எங்களுக்கு விளங்கியது. அவருக்கு வேண்டியிருந்தது காவலை வாங்கிக்கொள்ள ஓர் ஆள். 1990இல் ஒருவரும் அவரிடம் வந்து, ‘சரி, இனி நாங்கள் பார்க்கிறோம், நீங்கள் படுங்கள்’ என்று சொல்லவில்லை. ஆண்களுக்கு முறை மாற்றம் இருந்தது. ஒரு கூட்டம் வந்தால் மற்றது வீட்டுக்குப் போகும். கதவோரத்துப் பெண்களுக்கு அது இருக்கவில்லை. யுத்தம் முடிந்ததை வானொலி சொன்னது. அந்தப் பெண்களை அவர்களது காவலிலிருந்து விடுவித்ததாக எந்த அறிவித்தலும் வரவில்லை. எங்கள் பகுதியில் இன்று அறுபது எழுபது வயதிலுள்ள உம்மாமார்களைக் கேட்டுப் பாருங்கள், இரண்டு மணிக்கு விழித்திருக்கும் எத்தனையோ பேர் இருப்பார்கள். காரணம் கேட்டால் வயது என்பார்கள், வாய்வு என்பார்கள்.

இப்போது நான் என் பாயை முன் மண்டபத்தில், வாசல் கதவுக்கும் உம்மாவின் அறைக்கும் நடுவில் போட்டுக்கொள்கிறேன். பயிற்சிக் கொப்பிகளையும் அங்கேயே வைத்துத் திருத்துகிறேன். படுக்கப் போகுமுன் உம்மா ஒருதரம் எட்டிப் பார்ப்பார்.

“கதவு பூட்டினயா?”

“பூட்டிட்டன் உம்மா. நான் இதிலதான் கெடக்கன். நீங்க படுங்க.”

எல்லா இரவும் நித்திரை வருகிறது என்று சொல்லமாட்டேன். கிழமையில் நான்கு இரவு வருகிறது. மற்ற இரவுகளில் தஸ்பீஹ் உருளும் சத்தம் எனக்குக் கேட்கும். எனக்கும் இப்போது சின்னச் சத்தத்துக்கு விழிப்புத் தட்டுகிறது. அது பரவாயில்லை என்றே படுகிறது. காவல் கைமாறினால் வாங்கியவருக்குக் கொஞ்சம் விழிப்பு இருக்கத்தானே வேண்டும்.

அந்த வாத்தும் சப்ளினும் இருந்த வீடுகளில் அவர்களைத் தவிர யாருமில்லை. அதனால்தான் அவை சிரிப்புப் படங்களாக இருக்க முடிந்தது என்று இப்போது நினைக்கிறேன். ‘குழாயை நான் பார்க்கிறேன், நீ படு’ என்று சொல்ல இரண்டாவது ஆள் ஒருவர் வந்திருந்தால் படம் முதல் நிமிடத்திலேயே முடிந்திருக்கும். என் வகுப்பில் கைத்தொலைபேசியில் குறும்படம் எடுக்கும் ஆசையுள்ள பிள்ளைகள் சிலர் இருக்கிறார்கள். நித்திரையில்லாத ஒருவரைப் பற்றி எடுக்கப் போவதாக அவர்களில் ஒருவன் வந்து சொன்னான். என்ன சேர், எதைக் காட்டுவது என்று கேட்டான். முகத்தைக் கனநேரம் காட்டாதே, அவருக்குக் கேட்கும் சத்தங்களைப் பதிவு செய் என்றேன். அந்த வீட்டில் யார் நித்திரை கொள்கிறார்கள் என்பதையும் மறக்காமல் காட்டு என்றேன்.